ஹெட்டி தாக்ரேயின் இடது கண்

1997 அக்டோபர் 14, செவ்வாய்க்கிழமை காலை, பிரிட்லிங்டன் கடற்கரையில் நடிகை ஹெட்டி தாக்ரேயின் இடது கண்ணைச் சுற்றி மேக்கப்பில் வரையப்பட்ட அடிகாயம் பன்னிரண்டு ஆண்டுகள் அழியவில்லை. சோப்புக்கும் டர்பன்டைனுக்கும் அது அசைந்து கொடுக்கவில்லை. லீட்ஸில் ஒரு தோல் மருத்துவர் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்துவிட்டு, இது தோலே அல்ல, சாயம், ஆகவே தன் துறைக்குள் வராது என்று எழுதிக் கொடுத்தார். அந்தப் பன்னிரண்டு ஆண்டுகளும் அவளுடைய தலைமுடி வளரவில்லை. வயதும் இருபத்தாறைத் தாண்டவில்லை. காரணம் எளிமையானது. கன்டினியூட்டி பார்த்த டோரீன் ஓல்ட்ராய்ட், மதிய இடைவேளையில் தான் சொன்ன ஒரு வாக்கியத்தைத் திரும்பப் பெறாமல் ரயிலேறிவிட்டார்.

படத்தின் பெயர் ‘வாடைக்கால விடுமுறை’. கடலோரத்து கேரவன் வீடு ஒன்றில், இருபத்திரண்டு நாளில் எடுத்து முடிப்பதாகத் திட்டம். பத்தொன்பதாம் நாள் நாற்பத்தோராம் காட்சி. முந்தின இரவு கணவனிடம் அடிவாங்கிய பெண் காலையில் மேசைமுன் உட்கார்ந்திருக்கிறாள். எதிரே பாதிக் கோப்பைத் தேநீர், ஒரு கடி கடித்த ரொட்டி. கணவனின் கை வந்து கோப்பையில் சர்க்கரை போடுகிறது. அவள் எழுந்து கதவைத் திறந்து வெளியே போகிறாள். மதியத்துக்குள் பாதிதான் எடுக்க முடிந்தது. ஒரு ஷாட்டுக்கும் அடுத்ததற்கும் இடையே தேநீரின் மட்டமோ பொத்தானோ மாறிவிடாமல் காப்பது டோரீனின் வேலை. இருபத்தைந்து வருடமாக அதில் அவர் பிழை செய்ததில்லை. அவர் முறைத்தால் கடற்காகம்கூட முதல் ஷாட்டில் நின்ற கம்பத்திலேயே நிற்கும் என்று லைட்மேன்கள் சொல்வார்கள். அது ஒருமுறை மட்டும் நடந்ததாகத் தெரிகிறது. டோரீன் போலராய்டில் ஹெட்டியையும் மேசையையும் ஒரு படம் எடுத்துக்கொண்டு, “நான் வந்து சொல்ற வரைக்கும் எதையும் மாத்தக்கூடாது கண்ணு” என்றார். காட்சி முடிந்ததும் “போதும், விட்டாச்சு” என்று சொல்லுவது அவர் வழக்கம். அன்று சூப் ஆறுவதற்குள் லண்டனிலிருந்து தொலைபேசி வந்தது: பணம் தீர்ந்துவிட்டது. லைட்டுகளை வண்டியில் ஏற்றினார்கள். இயக்குநர் ஆம்ப்ரோஸ் கிட்சன் மிச்சமிருந்த ஃபிலிம் சுருளைக் கோட்டுக்குள் வைத்துக்கொண்டு, யாரிடமும் விடைபெறாமல் மணலில் நடந்து போனார். டோரீன் இரண்டு பத்து ரயிலைப் பிடித்தார்.

போலராய்டில் இருந்தவை எல்லாம் அப்படியே நின்றன. கேரவனில் தேநீர் ஆறவில்லை, ரொட்டியில் பூஞ்சை பிடிக்கவில்லை. கோப்பையை நகர்த்த முடியாமல் போன கேரவன்காரர், ‘தேநீர் சூடாக இருக்கும், குடிக்க வேண்டாம்’ என்று சீட்டு ஒட்டி, கோடையில் வருகிறவர்களுக்கு வழக்கம்போல வாடகைக்கு விட்டார். ஹெட்டி முடிவெட்டிக்கொண்டு வந்தால் மாலைக்குள் முடி பழைய நீளத்துக்கு வந்துவிடும். மூன்று முறை செய்து பார்த்துவிட்டு நிறுத்தினாள். இவற்றையெல்லாம் அவள் பொறுத்துக்கொண்டாள். பொறுக்க முடியாதது ஒன்றுதான். போலராய்டில் அவள் சிரிக்கவில்லை. ஆகவே அவள் உதட்டின் ஓரம் அதன்பின் உயர மறுத்தது. சிரிப்பு நெஞ்சுவரை வரும், அங்கே ஒரு பை கட்டியதுபோலச் சேர்ந்துகொள்ளும்.

தொழில் அதனால் கெடவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். ஏஜென்ட் பெர்னிஸ் முதல் வாரமே தொலைபேசியில், “மேக்கப்புக்கு நாப்பது நிமிஷம் மிச்சம்னு சொல்லியே வித்துட்டேன் டார்லிங்! மூஞ்சிய மட்டும் கழுவித் தொலைச்சிடாத” என்றாள். பன்னிரண்டு ஆண்டுகளில் ஹெட்டி தொலைக்காட்சியில் அறுபத்தோரு வேடம் செய்தாள். விளம்பரத்தையும் சேர்த்தால் அறுபத்திரண்டு. துப்பறியும் தொடர்களில் சாட்சி, மருத்துவமனைத் தொடர்களில் ஸ்ட்ரெச்சரில் வருபவள், மதுக்கடைச் சண்டையில் குறுக்கே போனவள், வாக்குரிமை கேட்டுப் போலீசிடம் அடிபட்டவள், மகளிர் ரக்பி அணியின் இடதுபுறக்காரி. 2003இல் மட்டும் பதினொரு ஆண்களும் ஒரு வாத்தும் அவளை அடித்தன. அடி எப்போதும் இடது கண்ணில் விழும்படி எழுத்தாளர்கள் கதையைத் திருப்பிக்கொண்டார்கள். ஒரு விமர்சகர் அவளுடைய காயம் ஆண்டுக்காண்டு ஆழம் பெறுவதாக எழுதினார். அது தவறு, காயம் அதேதான்.

கஷ்டப்பட்டவன் டெஸ்மண்ட். அவன் பியானோக்களுக்குச் சுருதி சேர்ப்பவன், ஹெட்டியோடு வாழ்ந்தவன், சிலந்தியைக்கூடக் கோப்பையால் மூடி வெளியே கொண்டுபோய் விடுபவன். அவர்கள் சேர்ந்து நடந்தால் தெருவே திரும்பிப் பார்க்கும். காய்கறிக் கடையில் ஒரு பெண்மணி ஹெட்டியின் கையில் உதவி எண் எழுதிய சீட்டைத் திணித்துவிட்டு, அவனிடம், “நல்லா ஆம்பள மாதிரி நிக்கிறியே, வெக்கமா இல்ல?” என்றாள். அவன் வெட்கமாக இருப்பதாகவே ஒப்புக்கொண்டான்; அதனால் நிலைமை மோசமானது. இரண்டு முறை போலீஸ் நிலையத்துக்குப் போய் வந்தான். பிறகு பத்தடி பின்னால் நடக்கப் பழகினான். அது இன்னும் மோசமாகத் தெரிந்தது. ஆனாலும் ஒவ்வொரு நாளும் வேலை முடிந்து வந்து அவளுக்கு ஒரு நகைச்சுவை சொல்வான். அவள் கல்போல முகத்தை வைத்துக்கொண்டு, “பிரமாதம்” என்பாள்.

“பிரமாதம்னா சிரிக்கணும் ஹெட்டி.”

“உள்ள விழுந்து விழுந்து சிரிச்சுட்டுதான் இருக்கேன்.”

“எனக்குக் கேக்கலையே.”

“நான் சிரிக்கறத எனக்கும் பாக்கணும்னுதான் இருக்கு, டெஸ்.”

2009இல் ஒரு நகைச்சுவைத் தொடரில் பல் மருத்துவர் வேடம் வந்தது. ஆறு பகுதிகள், முக்கிய வேடம். முதல் பகுதியிலேயே நோயாளியின் வாய்க்குள் பார்த்துவிட்டு மருத்துவர் விழுந்து விழுந்து சிரிக்க வேண்டும். நவம்பரில் படப்பிடிப்பு. ஹெட்டி ஒத்துக்கொண்டு கையெழுத்தும் போட்டுவிட்டாள், அதன்பிறகு குளியலறைக் கண்ணாடிமுன் இரண்டு விரலால் உதட்டைத் தூக்கிப் பார்த்தாள். விரலை எடுத்ததும் உதடு இறங்கிவிட்டது. மறுநாள் அந்தப் படத்துச் சட்டையையே போட்டுக்கொண்டு, டெஸ்மண்டைக் கூட்டிக்கொண்டு பெவர்லியில் டோரீனின் வீட்டுக் கதவைத் தட்டினாள்.

டோரீனுக்கு அப்போது எழுபத்தொன்று. கதவைத் திறந்தவர் ஹெட்டியைத் தலையிலிருந்து கால்வரை பார்த்தார், உள்ளே போய்ப் போலராய்டைக் கொண்டுவந்து பக்கத்தில் வைத்துப் பார்த்தார். “காலர் பொத்தான் சரி. முடி சரி. நல்லா வச்சிருக்க கண்ணு. யாரு இப்பல்லாம் இப்படிப் பாத்துக்கறாங்க?” என்றார்.

“டோரீன், நீங்க விடவே இல்ல. விட்டாச்சுன்னு ஒரு வார்த்தை சொல்லுங்க, நான் போயிடறேன்.”

“காட்சி முடிஞ்சுதா?”

“பன்னெண்டு வருஷம் ஆச்சு!”

“நான் வருஷத்தக் கேக்கல. காட்சி முடிஞ்சுதா?”

முடியவில்லை. முடியாத காட்சியில் நடிகையை விடுவதற்கு டோரீன் இணங்கவில்லை. தன் தங்கை பிரசவ வலியில் இருந்தபோதும் தான் விடவில்லை என்றார். அந்தத் தங்கை எந்தப் படத்தில் நடித்தாள் என்பது விளங்கவில்லை. ஒன்றை மட்டும் எச்சரித்தார்: “விட்டா மொத்தமா வரும். பன்னெண்டும் ஒண்ணா. யோசிச்சுக்கோ.” பெர்னிஸுக்குச் செய்தி போனதும் அவள் தொலைபேசியில் கத்தினாள். “முப்பத்தெட்டா? பைத்தியமா உனக்கு? முப்பத்தெட்டு வயசுக்காரிக்கு இந்த நாட்டுல ரெண்டே வேஷம், ஒண்ணு அம்மா, இன்னொண்ணு பொணம்! பல் டாக்டரும் போயிடும் பாத்துக்கோ!” ஹெட்டி ஒரு நாள் முழுக்க யோசித்தாள். அன்று டெஸ்மண்ட் நகைச்சுவை சொல்லவில்லை, அவள் காதில் விழட்டுமே என்று எதிர் அறையில் ஒரு பழைய பியானோவுக்குச் சுருதி சேர்த்துக்கொண்டிருந்தான். மாலையில் அவள் ஆம்ப்ரோஸ் கிட்சனின் எண்ணைத் தேடி எடுத்தாள்.

ஆம்ப்ரோஸ் அப்போது வீடுகளுக்குக் கண்ணாடி அறை கட்டித் தரும் கம்பெனியில் விற்பனையாளர். ஃபிலிம் சுருளை அவர் தூக்கி எறியவில்லை, குளிர்பெட்டியில் பட்டாணிக்கு அடியில் வைத்திருந்தார். கேமரா இரவல் வந்தது. அக்டோபர் 20ஆம் தேதி காலை கேரவனில் நாலு பேர் கூடினார்கள். தேநீரிலிருந்து ஆவி வந்துகொண்டிருந்தது. கணவனாக நடித்தவர் நியூசிலாந்தில் ஆடு வளர்ப்பதாகக் கேள்வி. கை மட்டும்தான் தேவை என்பதால் டெஸ்மண்டின் சட்டையை முழங்கைவரை சுருட்டினார்கள். கை நடுங்கியது. “அடிச்சவன் கை இவ்ளோ நடுங்குமா?” என்று ஆம்ப்ரோஸ் கேட்டார். “அதான் சரி, நடுங்கணும்” என்றாள் ஹெட்டி.

சர்க்கரை விழுந்தது. அவள் எழுந்தாள், கதவுப் பிடியில் கை வைத்தாள். பன்னிரண்டு ஆண்டுகளாக முடிக்காத ஷாட் முடிகிறதைப் பார்த்து ஆம்ப்ரோஸ் அழத் தொடங்கி, ‘கட்’ சொல்ல மறந்தார். டோரீன் ஸ்டாப்வாட்சைப் பார்த்துக்கொண்டு எட்டு நொடி காத்திருந்தார், பிறகு கடமைப்படி, “போதும், விட்டாச்சு” என்றார். கேமரா ஓடிக்கொண்டிருந்தது. ஹெட்டி கதவைத் திறந்தாள். வடகடல் காற்று உள்ளே வர, அவளுடைய முடி தோள், இடுப்பு, முழங்கால் என்று இறங்கித் தரையைத் தொட்டு, காற்றில் கேரவனுக்குள் பறந்து டெஸ்மண்டின் முகத்தை மூடியது. கண்ணின் நீலம் பச்சையாகி, மஞ்சளாகி, மறைந்தது. தேநீர் ஆறி ஆடை கட்டியது. ரொட்டியைப் பற்றிச் சொல்ல வேண்டியதில்லை. அவள் திரும்பியபோது கண்ணோரத்தில் சுருக்கம் இருந்தது, முப்பத்தெட்டு வயதுக்கு எவ்வளவு நியாயமோ அவ்வளவு. பன்னிரண்டு குளிர்காலத்து ஜலதோஷமும் சேர்ந்து வந்ததால் மூன்று வாரம் தும்மினாள். அதுவரை சிரிக்க நேரம் கிடைக்கவில்லை.

எடுக்காமல் விட்ட கடைசி நாட்களின் காட்சிகள் இல்லாமலே படம் அடுத்த ஆண்டு பதினொரு திரையரங்குகளில் ஓடியது. அந்தக் கதவைத் திறக்க ஒரு பெண்ணுக்குப் பன்னிரண்டு ஆண்டுகள் ஆகும் என்பதை இயக்குநர் ஒரே ஷாட்டில் சொல்லிவிட்டதாகப் பத்திரிகைகள் எழுதின. ஆம்ப்ரோஸ் மறுக்கவில்லை. டோரீன் தன் குறிப்பேட்டில், ‘காட்சி 41, முடி பொருந்தவில்லை, பிழை என்னுடையது’ என்று எழுதிக் கையெழுத்திட்டார்.

பல் மருத்துவர் வேடம் போகவில்லை. அத்தனை வருடம் படித்தவளுக்கு இந்த வயதுதான் பொருத்தம் என்றார்கள் தயாரிப்பாளர்கள். 2009 நவம்பர் இரண்டாம் வாரம் ஹெட்டி முதல் காட்சிக்கு நின்றாள். டெஸ்மண்ட் கேமராவுக்குப் பின்னால், ஒரு நாற்காலியில். நோயாளி வாயைத் திறந்தார். ஹெட்டி உள்ளே எட்டிப் பார்த்தாள். உதட்டின் ஓரம் ஒரு கணம் தயங்கியது, பிறகு உயர்ந்தது. சிரிப்பு வந்தது. 1997ஆம் ஆண்டுச் சிரிப்பு முதலில், பிறகு ஒன்றன்பின் ஒன்றாக, அவன் சொன்ன ஒவ்வொரு நகைச்சுவைக்கும் வரிசைப்படி. சிலதை அவனே மறந்திருந்தான். அவள் சிரித்த விதத்தைக் கேட்டு நினைவு வந்து, அவனும் சிரித்தான். இருபத்தாறு நிமிடம் நீடித்தது. ஒலிப்பதிவாளர் நடுவில் ஒருமுறை பேட்டரி மாற்றினார், நோயாளியாக நடித்தவர் வாயை மூடி ஒரு சாண்ட்விச் சாப்பிட்டு மீண்டும் திறந்தார். தொடருக்கு நான்கு நொடி போதும் என்று எடுத்துக்கொண்டார்கள். மிச்சத்தை ஹெட்டி வீட்டுக்கு எடுத்துப்போனாள். அந்தக் குளிர்காலம் முழுவதும் இருவருக்கும் அது போதுமானதாக இருந்தது.