மைனஸ் மூன்றால் வகுத்தல்

சீட்டை உருவும்போதே ஒத்திலியாவின் கை வியர்த்திருந்தது. கணக்கில் தோற்றவர்களுக்கு ஆகஸ்ட் கடைசியில் நடக்கும் மறுதேர்வு அது. மேஜையில் கவிழ்த்துப் பரப்பிய சீட்டுகளில் ஒன்றை எடுத்து, அதில் உள்ளதைக் கரும்பலகையில் போட வேண்டும். பத்துக்கு ஐந்து மதிப்பெண் வாங்கினால் பத்தாம் வகுப்பு. வாங்காவிட்டால் அம்மா இத்தாலியிலிருந்து வந்து, அங்கே தான் வேலை பார்க்கும் தக்காளி பொதியும் கொட்டகைக்கு அழைத்துப் போய்விடுவாள். போனில் ஒரே வாக்கியத்தில் சொல்லியிருந்தாள். மிரட்டல் இல்லை. அம்மாவுக்கு மிரட்டத் தெரியாது, சொன்னதைச் செய்வாள்.

சற்று முன் டுடோர் தோற்றுப்போனான். விடை சரியாகத்தான் போட்டிருந்தான். ஸ்மராண்டா டீச்சர், "நிச்சயமா?" என்றார். சரியானாலும் தப்பானாலும் எல்லோரையும் அதே முகத்தோடுதான் கேட்பார். டுடோர் மிரண்டு, ஈரப் பஞ்சை எடுத்து அழித்து வேறொன்றைப் போட்டான். "முதல்ல போட்டதுதாண்டா சரி" என்றார் டீச்சர். பலகையில் கடைசியாக நிற்பதுதான் விடை. அது அவர் சட்டம்.

ஒத்திலியாவின் சீட்டில் −3x + 4 ≥ 19 என்றிருந்தது.

நான்கைக் கழித்தாள்: −3x ≥ 15. மைனஸ் மூன்றால் வகுத்தாள்: x ≥ −5. எண்கோடு இழுத்து, மைனஸ் ஐந்தில் சதுர அடைப்புக்குறி போட்டு, வலப்பக்கம் முழுக்கக் கோடு கோடாகத் தீட்டினாள்.

"நிச்சயமா?"

டீச்சரின் முகத்தைப் பார்த்தாள். அதில் ஒன்றும் இல்லை.

"என்னம்மா, வாய்ல சாக்பீஸா?"

டீச்சருக்குப் பக்கத்து நாற்காலியில், தேர்வுக்குத் துணையாக உட்கார்ந்து, காகிதப் பையிலிருந்து பிளம்ஸ் தின்றுகொண்டிருந்த பூகோள வாத்தியார், "விடுங்க டீச்சர், புள்ள மயங்கி விழுந்துடப் போவுது" என்றார்.

"விழுந்தா எழுப்பிக்கலாம் சார். நீங்க பழத்தத் தின்னுங்க."

ஒத்திலியா பஞ்சை எடுத்தாள். தண்ணீர் முழங்கைவரை வழிந்தது. எதை அழிப்பது என்று தெரியவில்லை. தீட்டிய பக்கத்தில் இருந்த பூஜ்யம் கண்ணில் பட்டது. x இருந்த இடத்தில் அதை வைத்துப் பார்த்தாள். நான்கு, பத்தொன்பதைவிடப் பெரிது என்று வந்தது. மைனஸால் வகுத்தால் குறி திரும்ப வேண்டும். அவள் திருப்பவில்லை.

"தப்பு டீச்சர்."

அழித்தாள். x ≤ −5. இப்போது இடப்பக்கம் தீட்டினாள். மைனஸ் ஐந்தையே வைத்தால் பத்தொன்பதுக்குப் பத்தொன்பது. ஆக, மைனஸ் ஐந்தும் விடையில் சேரும், சதுர அடைப்புக்குறிதான்.

"நிச்சயமா?"

அதே குரல், அதே முகம். முதல் தடவையைவிட இதுதான் பயங்கரமாக இருந்தது. கை தானாகப் பலகையை நோக்கிப் போனது. உதட்டுக்குள்ளேயே மைனஸ் ஆறை வைத்துப் பார்த்தாள். பதினெட்டும் நான்கும் இருபத்திரண்டு. சரியாக வந்தது.

"நிச்சயம்."

"கேக்கல."

"நிச்சயம் டீச்சர்."

"பஞ்சு கையிலதான இருக்கு. அழிச்சுத்தான் பாரேன்."

"மாட்டேன்."

வாத்தியார் மெல்லுவதை நிறுத்தினார். டீச்சர் பேனா மூடியைக் கழற்றினார்.

"இந்த 'மாட்டேன்'ங்கிறத ஜூன் பரீட்சைலயே சொல்லித் தொலைச்சிருந்தா எனக்கு லீவு மிஞ்சியிருக்கும். அஞ்சு. போ."

அவள் நகரவில்லை.

"பாஸ்னு சொன்னேன். இன்னும் எதுக்குடி நிக்கிற?"

"கால் வரமாட்டேங்குது டீச்சர்" என்றாள் ஒத்திலியா.