சுற்றுவதை நிறுத்தாதே

இத்தாலியில், தூரின் நகரத்தில் படம் எடுத்தவர்களில் யோக்கியன் ஒருவன்கூடக் கிடையாது. ஒன்பது வருடம் ஒரு கண்ணாடிக் கூரைப் படப்பிடிப்புக் கொட்டகையில் தச்சனாக இருந்தவன் சொல்கிறேன்.

அந்த ஊமைப்படக் காலத்தில் ஒரு படத்துக்கு இரண்டு முடிவு எடுப்பார்கள். ரஷ்யாக்காரனுக்குக் கதாநாயகி சாக வேண்டும். எங்கள் ஊர்க்காரனுக்கு அவள் கல்யாணம் செய்துகொள்ள வேண்டும். எங்கள் கதாநாயகி எர்சிலியா பதினோரு படத்தில் செத்தாள், பதினோரு முறை மோதிரம் போட்டுக்கொண்டாள்.

பன்னிரண்டாவது படத்தில் முதலில் சாவை எடுத்தார்கள். தீயில் சாவு. நான் ஈரக் கம்பளியோடு ஓரத்தில் நின்றேன். பாவாடை விளிம்போடு நிற்க வேண்டிய தீ அவள் தலைமுடிக்கு ஏறிவிட்டது. அலறினாள்.

முதலாளி பொர்னெங்கோ, கேமராவின் கைப்பிடியைச் சுற்றிப் படம்பிடிக்கும் ரெமிஜியோவைப் பார்த்துக் கத்தினான். "சுத்துறத நிறுத்தாத! எவனும் குறுக்க போகாதீங்கடா!"

நான் குறுக்கே போனேன்.

"படத்தக் கெடுத்துட்டியேடா, கழுத!" என்றான்.

அவள் இடது கன்னம் போயிற்று. ஏழு வாரம் ஆஸ்பத்திரி. அந்த ஆள் ஒருநாள்கூட எட்டிப் பார்க்கவில்லை. கல்யாண முடிவுக்கு வேறொரு பெண்ணைப் பிடித்துவிட்டான். முக்காடு போட்டு நிறுத்தினால் எவனுக்குத் தெரியும்?

ஞாயிற்றுக்கிழமை எர்சிலியாவிடம் போய்ச் சொன்னேன்.

"யாருண்ணே அந்தப் பொண்ணு?"

"கையுறை தைக்கிறவ. உன் உயரம்."

"என் கல்யாணத்துக்கு நான் வர வேண்டாமா?" சிரிக்கப் போனாள். தோல் இழுத்தது, நிறுத்திக்கொண்டாள். "என் மூஞ்சிய நான்தான் காட்டுவேன். இப்ப இதுதான்னா, இதத்தான்."

படப்பிடிப்பு அன்று அந்தக் கையுறைப் பெண் எர்சிலியாவைப் பார்த்தாள். கல்யாண உடையைக் கழற்றிக் கொடுத்தாள். நான் கதவுக்கு வெளியே காவல்.

மாப்பிள்ளை மோதிரம் போட்டான். மணப்பெண் கேமராவைப் பார்த்துத் திரும்பி முக்காட்டைத் தூக்கினாள்.

"நிறுத்துடா! ரெமிஜியோ, சுத்துறத நிறுத்து!"

ரெமிஜியோவின் கை தயங்கியது. நான் அவன் காதருகே போனேன். "அன்னைக்கு அவ வெந்தப்ப நிறுத்தல. இன்னைக்கு நிறுத்தின, இந்தச் சுத்தியல் உன் மண்டைக்கு."

சுற்றினான். அழுதுகொண்டே சுற்றினான்.

பொர்னெங்கோ பாய்ந்து வந்து கேமராவைத் திறந்து சுருளை உருவி எறிந்தான். நடுப்பகல் வெயில். வெளிச்சம் பட்ட சுருள் செத்த சுருள். கல்யாணம் மொத்தமும் அதில்தான் இருந்தது, ஆத்திரத்தில் அது அவனுக்கு மறந்துவிட்டது. மாப்பிள்ளை நடிகனோ, இனி இந்தப் பக்கம் வரமாட்டேன் என்று அன்றைக்கே ரோமுக்கு ரயிலேறிவிட்டான்.

எர்சிலியா முக்காட்டை மடித்து முதலாளி கையில் வைத்தாள். "இனி உங்ககிட்ட என் சாவு மட்டுந்தான் இருக்கு. அதையே காட்டுங்க."

காட்டினான். எங்கள் ஊரிலும் தீதான் ஓடியது. கடைசியில், திரையின் ஓரத்தில், கம்பளி பிடித்த என் கை ஒரு கணம் தெரிந்தது. எங்களுக்கு முன்வரிசையில் இருந்தவன் எழுந்து கைதட்டினான். "என்னமா நடிக்கிறா பாரு!"

விளக்கு போட்டார்கள். என் பக்கத்தில் இருந்த எர்சிலியா அவன் தோளைத் தட்டினாள். முகத்தை அவள் மூடியிருக்கவில்லை.

திரும்பினான். அவன் கை அப்படியே நின்றது.

"தட்டுடா," என்றேன். "ஏன் நிறுத்திட்ட?"