ஜமக்காளம் சுருங்காது

ஆஃப்ரின் பவானி ஜமக்காளத் துணியில் ஒரு ஜாக்கெட் தைத்திருந்தாள். கைகள் இரண்டும் தோளில் புடைத்து நின்றன. மறுநாள் துறையின் இறுதியாண்டுக் கண்காட்சி. மீதமிருந்த துணி இன்னும் ஒரு ஜோடிக் கைக்குத்தான் வரும்.

நான் அந்த ஆடை வடிவமைப்பு வகுப்புக்கு நுண்கணிதம் எடுப்பவள். அன்று பாடம் கேட்க யாருக்கும் மனமில்லை.

சாதாரணத் துணி என்றால், கையின் மேல் வளைவை, அது பொருந்தும் தோள் வளைவைவிடச் சற்று நீளமாக வெட்டிச் சுருக்கித் தைத்துவிடலாம். ஆஃப்ரின் பழக்கத்தில் அப்படியே வெட்டியிருந்தாள். ஜமக்காளம் தடித்தது, சுருங்காது; மிஞ்சிய நீளம் புடைத்துக்கொண்டது.

"ரெண்டு வளைவும் ஒரே நீளமா வரோணுங்க மேம். டேப்ப வளைச்சு வெச்சா வழுக்கிட்டுப் போகுது," என்றாள்.

"மேம் இண்டெக்ரேஷன் போட்டுக் கை வெச்சுத் தருவாங்க, உடு," என்றாள் பக்கத்திலிருந்த ஷைலா. வகுப்பு சிரித்தது.

எனக்குக் காது சூடானது. "பேட்டர்ன் தாள் இருக்குங்களா?" என்று கேட்டேன்.

துணி வெட்ட வரைந்த அந்தத் தாளிலிருந்து தோள் வளைவின் தையல் கோட்டை வரைபடத்தாளில் பதித்தோம். அதில் சில புள்ளிகள் வைத்து, நேர்கோடுகளால் இணைத்து, அளந்து கூட்டினோம். இடையிடையே புதுப் புள்ளிகள் வைத்து மறுபடி கூட்டினோம். தொகை ஏறியது.

"துண்டு போடப்போட ஏறிட்டேதான் போகுங்களா?" ஷைலாவின் குரலில் இப்போது கிண்டல் இல்லை.

"பாக்கலாங்க."

அடுத்த முறை கொஞ்சம்தான் ஏறியது. அதற்கடுத்து நூலிழை அளவு. பிறகு ஸ்கேலுக்குத் தெரியும்படி ஏறவே இல்லை.

"நின்னுபோச்சுங்க," என்றாள் ஆஃப்ரின் மெதுவாக.

எல்லை, அதாவது லிமிட், என்ற சொல்லைப் பலகையில் எத்தனையோ முறை எழுதியிருக்கிறேன். ஓர் எண் அப்படி வந்து நிற்பதைப் பார்த்ததில்லை.

கையின் உச்சியைத் தாழ்த்தித் தாழ்த்தி வரைந்து, அதே எண் வரும்வரை அளந்தோம். ஆஃப்ரின் கத்திரியை எடுத்தாள். கீழே வைத்தாள்.

"தப்பாப்போச்சுன்னா வேற துணி இல்லீங்க மேம்."

"தெரியுங்க." எனக்கும் பயமாகத்தான் இருந்தது.

"வெட்டு அம்மணி," என்றாள் ஷைலா.

வெட்டினாள். பழைய கையைப் பிரித்துவிட்டுப் புதியதை வைத்துக் குத்தினாள்; தடித்த துணியில் குண்டூசி சிரமப்பட்டு இறங்கியது. அக்குளில் தொடங்கி, தோளைச் சுற்றி, மறுபடி அக்குளுக்கு வந்தாள். ஓரங்கள் சந்தித்தன. மிச்சமும் இல்லை, குறையும் இல்லை.

ஷைலா அந்தக் கோட்டின்மேல் விரலை ஓட்டினாள்.

"அதெப்படிங்க மேம், கரெக்டா அங்க வந்து நிக்குது?"

நிரூபணம் எனக்குத் தெரியும். இருந்தும் நானும் விரலை வைத்துப் பார்த்தேன்.