அஞ்சுன்னு வெச்சுக்க

முதல் அடி மரக்கட்டையால் விழுந்ததா, கடப்பாரையாலா என்று எனக்கு இப்போது உறுதியாகச் சொல்ல வரவில்லை. அடி வாங்கிய மச்சானுக்கே அது தெரியாது. வாய்க்குள் இரண்டு பற்கள் கழன்று உருண்டதுதான் அவனுக்குத் தெரிந்தது.

நாங்கள் வேலை பார்த்த மர மில்லில் வட்ட ரம்பத்தில் நின்றவர் அவனுடைய அக்கா புருஷன், அவனுக்கு மாமா. அவருக்கு இடக்கையில் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும்தான் பாக்கி. ஏழு வருஷத்துக்கு முன்னால், ரம்பத்தின் பற்களில் சிக்கிய சிராயை அவர் எடுத்துக்கொண்டிருந்தபோது, பார்க்காமல் சுவிட்சைப் போட்டவன் மச்சான். அது அப்போது அவர்கள் இருவருக்கு மட்டுமே தெரியும். "நானே போட்டுட்டு மறந்துட்டேன்" என்று முதலாளியிடம் சொல்லிவிட்டார். ஆஸ்பத்திரிக் கட்டிலருகே நின்றவனிடம், "விடுடா மச்சான், நகம் வெட்டுற வேலை குறைஞ்சுது" என்றார். அப்போதுதான் அவனுக்கு மூச்சே வந்தது.

பிறகு அது பழக்கமாகிவிட்டது. எத்தனை பலகை என்று யாராவது கேட்டால் அந்த இரண்டு விரலைத் தூக்கிக் காட்டுவார். "அஞ்சுன்னு வெச்சுக்க. மிச்சம் மூணு மில்லுலதான் கிடக்கு." சொல்லிவிட்டு மச்சானை ஒரு பார்வை பார்ப்பார். அவன் சிரித்த பிறகுதான் வேலைக்குத் திரும்புவார்.

கேட்டுக் கேட்டு, அந்தக் கேலி தனக்கும் சொந்தம் என்று மச்சான் நினைத்துவிட்டான்.

அன்று மதியம், புதிதாக வந்த இரண்டு லோடுமேன்கள் முன்னால் மூன்று விரலை மடக்கி, "அஞ்சு" என்றான். அவர்கள் சிரித்தார்கள். அது அவனுக்கு ருசித்தது. மண்டி போட்டு மரத்தூளைக் கிளறினான். விரல் போன நாளில் மாமா அலறியதை அப்படியே அலறிக் காட்டினான். "எங்கடா என் விரலு, யாராச்சும் பாருங்கடா..."

ஒரு லோடுமேன் வாசலைப் பார்த்துச் சிரிப்பை விழுங்கினான். கை கழுவப் போன மாமா அங்கே நின்றிருந்தார்.

முதல் அடி வாயில். அடுத்தது விலாவில், உள்ளே ஏதோ முறிந்தது அவனுக்கே கேட்டது. மாமா அவன் தலைமுடியைப் பிடித்து ரம்பத்திடம் இழுத்துப் போனார். வலக்கையால் அவன் மணிக்கட்டை ரம்பத்தின் பல்லோடு சேர்த்து அழுத்தினார். இடக்கையின் இரண்டு விரலும் சுவிட்சின் மேல் உட்கார்ந்தன.

"சிரிக்க வெச்சீல்ல. சுவிட்ச யாரு போட்டான்னும் சேத்துச் சொல்லு."

"மாமா, சும்மா வெளையாட்டுக்கு..."

"சொல்லுடா."

பல் தோலுக்குள் இறங்கியிருந்தது. ரத்தம் மேடையில் வழிந்து தூளில் ஊறியது.

"நான்தான்," என்றான் மச்சான். "நான்தான் போட்டேன்."

மில் மொத்தமும் கேட்டது. சுவிட்சின் மேலிருந்த விரல்கள் அசையவில்லை. பிறகு மாமா பிடியை விட்டார்.

"நீ நிம்மதியா தூங்கணும்னுதான்டா ஏழு வருஷமா சிரிச்சேன்."

மாமாவை அன்றே வேலையை விட்டு நிறுத்தினார்கள். இப்போது ஒரு குடோனில் காவலுக்கு இருக்கிறார். மச்சானின் தாடை கோணலாகவே கூடிப்போனது; வேறு ஊரில் லாரி ஓட்டுகிறான். சிரிப்பை விழுங்கிய லோடுமேன்தான் இன்று அந்த ரம்பத்தில் நிற்கிறான். அக்கா தம்பி வீட்டுக்கும் போய்வருகிறாள். ஒரு வீட்டுப் பேச்சை இன்னொரு வீட்டில் எடுப்பதில்லை.