பிடித்தவள் சொல்

டோரீனுக்குக் கெண்டைக்கால் இரண்டும் மரக்கட்டையாகியிருந்தன. பதினைந்து வயதில் கம்பளி நூற்பாலைக்குள் போனவள். பதினாறு வருஷமாக எந்திரத்தின் முன்னால் நின்றே பிழைக்கிறாள். நரம்பு புடைத்து நீலமாக ஓடும் கால் அது. நாள் முழுக்க நிற்பது அவளுக்குப் புதிதில்லை. ஆனால் ஆலையில் இத்தனை பேர் வேலிக்கு வெளியே உட்கார்ந்து பார்ப்பதில்லை.

பெண்கள் கிரிக்கெட் உலகக் கோப்பையின் கடைசி ஆட்டம், டோரீன் இங்கிலாந்து அணியில். அவள் ஊரிலிருந்து பஸ்ஸில் முக்கால் மணி நேரத் தொலைவில் இருந்தது மைதானம். நியூசிலாந்துக்கு இன்னும் முப்பத்தெட்டு ரன் வேண்டும், கையில் நான்கு விக்கெட். அவர்கள் பக்கம் லோர்னா டெய்ட் அறுபத்து மூன்று ரன் எடுத்து அசையாமல் நின்றிருந்தாள். அவள் நிற்கிறவரை இங்கிலாந்துக்குக் கோப்பை இல்லை.

அவள் பதினொரு ரன்னிலேயே போயிருக்க வேண்டியவள். நேராக டோரீன் கைக்குத்தான் பந்து வந்தது. வந்து, நழுவி, வயிற்றில் மோதிக் கீழே விழுந்தது.

அன்று ஆலைக்கு விடுமுறை. வேலியோரம் ஆலைக்காரிகள் ஒன்பது பேர் உட்கார்ந்திருந்தார்கள். பழைய படுக்கை விரிப்பில் டோரீன் பெயரைச் சாயத்தால் எழுதிக் கட்டியிருந்தார்கள். இந்த ஆட்டத்துக்குச் சம்பளம் கிடையாது. இரண்டு வாரம் லீவு தரமுடியாது என்று ஆலையில் சொன்னபோது, அந்த ஒன்பது பேரும் முறை வைத்துக்கொண்டு அவள் எந்திரத்தையும் சேர்த்துப் பார்த்தார்கள். எட்னாவுக்கு ஐம்பத்தெட்டு வயது, முட்டியில் வாதம். அவளும் பார்த்தாள்.

கேட்ச் விட்டபோது முதலில் குரல் கொடுத்தவளும் எட்னாதான்.

"ஏண்டி, நூலு அறுந்தா கண்ண மூடித் தொறக்கறதுக்குள்ள புடிச்சு முடிச்சுப் போடற. பந்துன்னா மட்டும் கை கூசுதா?"

"விடு எட்னா, அவளுக்கு நம்மளப் பாத்து வெக்கம்" என்றாள் இன்னொருத்தி.

"வெக்கப்பட அங்க என்ன இருக்கு? குட்டைப் பாவாடையில கால்தான் தெரியுது. அதையும் எவன் பாக்கப் போறான்."

சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள். டோரீனும் சிரித்துவைத்தாள். அதன் பிறகு இரண்டு மணி நேரம், லோர்னா எடுத்த ஒவ்வொரு ரன்னையும் தன் தலையில் எழுதிக்கொண்டு நின்றாள்.

இப்போது, முப்பத்தெட்டு ரன் மீதி இருக்கையில், லோர்னா ஒரு பந்தைக் கொஞ்சம் அவசரப்பட்டு அடித்தாள். தாழ்வாக, டோரீனுக்கு முன்னால் வந்தது. கட்டையான காலோடு ஓடி, முழு உடம்பையும் புல்லில் போட்டாள். பந்து அவள் கைக்கு அரை அங்குலம் முன்னால் தரையில் பட்டது. பட்டுத் தெறித்து மோதிர விரலின் நுனியில் இடித்தது. பிறகுதான் உள்ளங்கைக்குள் ஏறியது. நகம் பிளந்ததை அவள் உணர்ந்தாள். தரையில் பட்டது அவளுக்குத் தெரியும். தெரியவில்லை என்று பிற்பாடு தனக்குத்தானே சொல்லிப் பார்த்தாள், ஒரு தடவைகூட எடுபடவில்லை.

பந்து வீசியவள் குறுக்கே ஓடியதால் எதிரிலிருந்த அம்பயருக்கு மறைத்துவிட்டது. மற்ற அம்பயர் தூரத்தில் நின்றார். இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். இப்படி ஆனால் ஆடுகிற பெண்கள் சண்டை போடமாட்டார்கள். மட்டை பிடித்தவள் கேட்பாள், பந்து பிடித்தவள் சொல்வாள், அதோடு முடிந்தது. எந்த நாட்டுக்காரியானாலும் அப்படித்தான்.

லோர்னா நடந்து வந்து கேட்டாள்.

"பிடிச்சியா?"

வேலிப் பக்கம் எட்னா எழுந்து நின்றுவிட்டாள். வாதம் பிடித்த காலோடு, விரிப்பின் ஒரு முனையைப் பிடித்தபடி.

"பிடிச்சேன்" என்றாள் டோரீன்.

லோர்னா தலையசைத்தாள். மட்டையை அக்குளில் இடுக்கிக்கொண்டு, கையுறையைக் கழற்றியபடி நடக்க ஆரம்பித்தாள். திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

எல்லைக் கோடு எழுபது கஜம் தள்ளி இருந்தது. கோட்டைத் தாண்டும்வரை கேப்டன் அவளைத் திரும்பக் கூப்பிடலாம். தாண்டிவிட்டால் கூப்பிட முடியாது. கேப்டன் ஹிலரி, தெற்குப் பக்கத்துப் பள்ளிக்கூட டீச்சர், ஓடி வந்து டோரீனின் தோளைப் பிடித்தாள்.

"விரல்ல என்ன, ரத்தம்?"

"ஒண்ணுமில்லீங்க."

"காட்டு."

"ஒண்ணுமில்லன்னு சொல்றேன்ல."

லோர்னா பாதி தூரம் போயிருந்தாள். 'கேப்டன், கூப்பிடுங்க' என்று இரண்டு வார்த்தை சொன்னால் போதும். வாய் திறந்தது. அதே நேரம் ஒன்பது பேரும் அவள் பெயரைச் சொல்லிக் கத்த ஆரம்பித்தார்கள். திறந்த வாயை மூடிக்கொண்டாள். லோர்னாவின் வெள்ளைக் காலணி கோட்டைத் தாண்டியது.

ஏழு ரன் வித்தியாசத்தில் இங்கிலாந்து ஜெயித்தது.

ஆட்டம் முடிந்தால் இரண்டு அணியும் கலந்து உட்கார்ந்து டீ குடிப்பது வழக்கம். ஹாம் என்கிற பன்றிக்கறித் துண்டு வைத்த ரொட்டி, கேக், பெரிய கெட்டிலில் டீ. டோரீனால் கோப்பையைப் பிடிக்க முடியவில்லை. விரல் கத்தரிக்காய் நிறத்தில் வீங்கியிருந்தது. எதிரே லோர்னாதான் உட்கார்ந்திருந்தாள்.

"இங்க குடு கைய. நான் நர்ஸு" என்றாள்.

"வேணாம், தன்னால சரியாப் போயிடும்."

"அத நான்தான் சொல்லணும். குடு."

வெந்நீரில் துணியை நனைத்து, நகத்தடி மண்ணை மெல்ல எடுத்தாள். அவள் கை சூடாக, லேசாக இருந்தது. விரலை வெளிச்சத்துக்குத் திருப்பினாள். ஒரு கணம் அப்படியே வைத்துக்கொண்டிருந்தாள்.

"நகம் நேரா நுனியில இடிபட்டிருக்கு" என்றாள்.

டோரீன் மேசை விரிப்பைப் பார்த்தாள்.

"கையில விழற பந்து இப்படி இடிக்காது" என்றாள் லோர்னா, அதே குரலில். கேள்வியாகக் கேட்கவில்லை. கட்டுப் போட்டு, முனையைக் கிழித்து முடிச்சிட்டாள்.

"ரெண்டு நாள் தண்ணி படாமப் பாத்துக்க."

"சரி" என்றாள் டோரீன்.

திங்கட்கிழமை அவள் எந்திரத்துக்கு மேலே பத்திரிகையில் வந்த படத்தை எட்னா ஒட்டிவைத்திருந்தாள். புல்லில் நீட்டிப் படுத்து, பந்தோடு கையை உயர்த்தியிருக்கும் படம்.

"எப்படிப் புடிச்சேன்னு செஞ்சு காட்டு கண்ணு" என்றாள் எட்னா. "அன்னைக்கி நான் கண்ணாடி எடுத்துட்டு வரல. ஒண்ணும் சரியாத் தெரியல."

"அதான் படத்துல இருக்கே."

"படம் நகருதா? செஞ்சு காட்டுடி. ஒனக்காக என் முட்டி தேஞ்சிருக்கு."

அவள் செய்து காட்டினாள். கை தரைக்கு முன்னால் நீள, பந்து வருவதுபோல், உள்ளங்கையில் விழுவதுபோல். எல்லோரும் கைதட்டினார்கள். எந்திர இரைச்சலில் கைதட்டல் கேட்கவில்லை. வாய்கள் சிரிப்பது மட்டும் தெரிந்தது. அந்த மாதத்தில் எட்டுத் தடவை செய்து காட்டியிருப்பாள். செய்யச் செய்ய நன்றாக வந்தது.

நகம் கறுத்து விழுந்தது. புது நகம் கொஞ்சம் கோணலாக முளைத்தது. கிறிஸ்துமஸுக்கு வெலிங்டனிலிருந்து ஒரு வாழ்த்து அட்டை வந்தது. 'விரல் ஆறியதா? லோர்னா.' அவ்வளவுதான். டோரீன் பதிலுக்கு ஒரு அட்டை வாங்கி, சமையலறை மேசையில் ஒரு சாயங்காலம் முழுக்க உட்கார்ந்து, 'ஆறிவிட்டது' என்று எழுதி அனுப்பினாள்.

லோர்னா அதற்குப் பிறகு இங்கிலாந்துக்கு வரவில்லை. 'பிடிச்சியா?' என்று அவள் கேட்டதற்கு, 'இல்லை, தரையில் பட்டது' என்ற பதிலை டோரீன் இன்னும் அவளுக்குக் கொடுக்க வேண்டியிருக்கிறது.