தேய்ந்ததா, கிழிந்ததா

காலையில் வந்து உட்கார்ந்ததிலிருந்து யுரி அந்தக் கோப்பைத் திறப்பதும் மூடுவதுமாக இருந்தாள். கணினித் திரையில் பெயர் வரும்போதெல்லாம் கை தானாக அதை மூடிவிடும். பிறகு வேறொரு கோப்பில் நாலு வரி படிப்பாள், மனம் ஒட்டாது, மறுபடி இதற்கே வந்து நிற்பாள்.

“அக்கா, அது என்ன முட்டையா? இப்படி அடைகாக்குறீங்க?” என்றாள் எதிர் மேசை தாஹே.

“உன் வேலையப் பாருடி.”

“என் வேலைதான் ஓடுதே. உங்களுதுதான் ஒரே இடத்துல நொண்டுது.”

தென்கொரியாவின் மொக்போ துறைமுகத்திலிருந்து மேலேறும் தெருவில் இருந்த எலும்பு ஆஸ்பத்திரி அது. கீழ்த்தளத்துப் பதிவு அறையில் அவர்கள் இரண்டு பேர். டாக்டர்கள் எழுதிவைப்பதைப் படித்து, ஒவ்வொரு நோய்க்கும் உரிய குறியீட்டைப் போடுவது வேலை. முழங்கால் ஜவ்வு கிழிந்து வந்தால் அதற்கு இரண்டு வழி உண்டு. விழுந்தோ முறுக்கியோ கிழிந்திருந்தால் ‘எஸ்’ஸில் தொடங்கும் குறியீடு. வயதாகித் தேய்ந்து கிழிந்திருந்தால் ‘எம்’மில் தொடங்குவது. எஸ்ஸுக்கு விபத்துக் காப்பீடு பணம் தரும், எம்முக்குத் தராது. இது அந்த ஊர் மீன் கடைக்காரிக்குக்கூடத் தெரியும். ‘எனக்கு எஸ் போட்டுக் குடுங்க டாக்டர்’ என்று கெஞ்சாத நோயாளி அபூர்வம்.

திரையில் இருந்த பெயர் க்வாக் தொக்சுன். யுரி ஜெபத்துக்குப் போகும் சபையைச் சேர்ந்தவர். படுக்கையில் கிடக்கும் முதியவர்களை வீடு வீடாகப் போய்க் குளிப்பாட்டி, தூக்கி உட்கார வைத்துப் பிழைப்பவர். கணவர் இல்லை. முழங்காலுக்கு அறுவை முடிந்து மேலே படுத்திருந்தார். இனி இந்தக் குளிர்காலம் முழுக்க யாரையும் தூக்க முடியாது. வருஷக்கணக்கில் கட்டிவந்த விபத்துக் காப்பீடு ஒன்றுதான் அவருக்கு இருந்த பிடி. டாக்டர் ஹம் எழுதியிருந்தார்: விழவில்லை. நெடுநாள் வலி. தேய்மானக் கிழிசல். குறியீடு, எம்.

அதற்குக் கீழே ஸ்கேன் குறிப்பு வேறு மாதிரிப் பேசியது. புதுக் கிழிசல், மூட்டுக்குள் ரத்தம், மற்றபடி வயதுக்கு நல்ல மூட்டு என்றிருந்தது.

தொக்சுன் விழுந்தார் என்பது யுரிக்குத் தெரியும். விழ வைத்தவளே அவள்தான்.

நவம்பர் கடைசியில் சபைப் பெண்கள் எல்லாரும் சபைச் சமையற்கட்டில் கூடி, தனியாக வாழ்கிறவர்களுக்குக் கொடுப்பதற்காகக் கிம்ச்சி என்ற குளிர்காலக் கோஸ் ஊறுகாய் போட்டார்கள். கோஸ் ஊறிய உப்புத் தண்ணீர்த் தொட்டியை யுரி அவசரத்தில் ஒற்றை ஆளாகச் சாய்த்தாள். தண்ணீர் சாக்கடைக்குப் போகாமல் சமையற்கட்டுத் தரையெல்லாம் பரவியது. துடைப்பம் எடுக்க அவள் திரும்பியபோது பின்னால் தொம்மென்று ஒரு சத்தம். தொக்சுன் ஒரு சுமை கோஸோடு தரையில் கிடந்தார். “கோஸுக்கு நமஸ்காரம் பண்ணினேன்” என்று அவரே சிரித்தார். எல்லாரும் சிரித்தார்கள். யார் தண்ணீர் கொட்டியது என்று ஒருவரும் கேட்கவில்லை, யுரியும் சொல்லவில்லை. அன்று முழுக்க தொக்சுன் உட்கார்ந்தபடியே மிளகாய் விழுது பூசினார்.

யுரி தொலைபேசியை எடுத்தாள். டாக்டர் எழுதியதும் ஸ்கேனும் முரண்பட்டால் கேட்கலாம். எப்படி எழுத வேண்டும் என்று மட்டும் சொல்லக் கூடாது. அதுதான் முறை.

“டாக்டர், க்வாக் தொக்சுன் கோப்பு. நீங்க பழைய கிழிசல்னு எழுதியிருக்கீங்க, ஸ்கேன்ல புதுசுன்னு இருக்கு. எதுன்னு ஒரு தடவ பாத்துச் சொல்லுங்க.”

“நானும் யோசிச்சேம்மா. விழுந்தீங்களா, விழுந்தீங்களான்னு திருப்பித் திருப்பிக் கேட்டேன். ஜெபத்துல முட்டி போட்டே தேஞ்சு போச்சு டாக்டர்னு ஒரே பேச்சு. மத்தவங்கல்லாம் எஸ் குடுன்னு என் கோட்டப் பிடிச்சு இழுக்குறாங்க. இந்தம்மா விழவே இல்லன்னு சத்தியம் பண்ணுது. அவங்க வாயில வராதத நான் எப்படி எழுதுறது?”

போனை வைத்த பிறகு யுரியால் உட்கார முடியவில்லை. எழுந்து ஜன்னல் வரை போனாள், திரும்பினாள். ஒரு விரலை அசைத்தால் எம் எஸ்ஸாகிவிடும். உண்மையும் அதுதானே? ஆனால் டாக்டர் எழுதாததை அவள் எழுதினால் அது திருட்டுத்தனம். உதவி என்று பெயர் வைத்தாலும் ஆண்டவர் முன்னால் அதைக் கொண்டுபோய் நிற்க முடியாது. தொக்சுன் அக்காவிடம் ஓடிப்போய், உங்கள் கோப்பில் இப்படி இருக்கிறது என்று சொல்வதும் தப்பு. வேலைக்காகப் பார்த்ததை வெளியே கொண்டுபோகக் கூடாது. எதைத் தொட்டாலும் அவளுக்கு உரிமையில்லாததாக இருந்தது. உப்புத் தண்ணீர் ஒன்றுதான் அவளுடையது.

மதிய இடைவேளையில் எதிர்க் கடையில் விலை கூடிய கடல் நத்தைக் கஞ்சி வாங்கிக்கொண்டு வார்டுக்கு ஏறினாள்.

“வந்துட்டா பாரு, கஞ்சியோட” என்று தொக்சுன் முகம் மலர்ந்தார். கால் தலையணைமேல் இருந்தது. “எதுக்குடி இவ்வளவு செலவு? கடல் பாசி சூப் போதாதா?”

“சாப்பிடுங்க அக்கா.”

பக்கத்துக் கட்டிலில் இடுப்பு முறிந்து படுத்திருந்த அம்மாள் ஆரஞ்சு உரித்தபடி எட்டிப் பார்த்தாள். “நீ சபைப் பொண்ணா? அப்ப நீயாவது இவளுக்குப் புத்தி சொல்லு. எங்கிட்ட கோஸோட விழுந்த கதையச் சொல்லி என் இடுப்பு வலிக்கச் சிரிக்க வைக்கிறா. டாக்டர் வந்தா விழவே இல்லங்குறா. ஜெபம் பண்ற வாயில இவ்வளவு பொய்யா?”

“வாய மூடிக்கிட்டு ஆரஞ்சு சாப்பிடுங்க” என்றார் தொக்சுன்.

யுரி கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தாள். மறுபடி எழுந்தாள். “அக்கா, அன்னைக்கு அந்தத் தண்ணியக் கொட்டினது நான்தான்.”

“தெரியும்.”

“தெரியுமா?”

“உன் பின்னாடிதானே வந்தேன். தொட்டிய நீ சாய்ச்சதப் பாத்துக்கிட்டே கால வச்சேன். எனக்குத்தான் கண்ணு இல்ல.”

“அதுக்குத்தான் விழலன்னு சொன்னீங்களா?”

“பின்ன என்ன? விழுந்தேன்னு சொன்னா காப்பீட்டுக்காரன் வருவான். எங்க விழுந்த, யாரு கொட்டினா, யாரு பாத்தான்னு நம்ம சமையற்கட்டுல நின்னு படம் எடுப்பான். உன் பேர் அடிபடும். தேவன் வீட்டுல விழுந்துட்டு அதுக்குக் காசு வாங்கினாங்குற பேரும் வேண்டாம்.”

“காலம்பூரா கட்டின காசு அக்கா அது. பிச்சை இல்ல.”

“இருக்கட்டும் விடு. அரிசி இருக்கு, கிம்ச்சி இருக்கு.”

“எனக்காகப் பொய் சொல்றீங்கன்னா அத என் தலையில ஏத்தாதீங்க. என்னால தூக்க முடியல.” குரல் உயர்ந்துவிட்டது. வார்டே திரும்பிப் பார்த்தது. “வரட்டும். படம் எடுக்கட்டும். என் பேரச் சொல்லுங்க.”

தொக்சுன் கஞ்சிக் கரண்டியைக் கீழே வைத்தார். “உனக்கு அவ்வளவு கனமாவா இருக்கு?”

“ஆமா.”

“ஐயோ பாவமே. லேசா இருக்கும்னுதான் நான் செஞ்சேன்.”

டாக்டர் ஹம் சுற்று வந்தபோது யுரி இன்னும் போகவில்லை. இடைவேளை முடிந்திருந்தது. போகச் சொல்லிக் கால் பரபரத்தது, ஆனால் நகரவில்லை.

“டாக்டர், நான் விழுந்தேன்” என்றார் தொக்சுன்.

டாக்டர் கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டார். “அறுவைக்கு முன்னாடி விழல, இப்ப விழுந்துட்டீங்களா? யாரு சொல்லிக் குடுத்தது? ஏஜெண்ட் போன் பண்ணினாரா?” அப்போதுதான் யுரியைக் கவனித்தார். முகம் இறுகியது. “பதிவு அறை ஆளுக்கு வார்டுல என்ன வேல? காலைல போன், இப்ப நேர்லயா?”

யுரிக்கு இந்த ஒரு பேச்சில் வேலையே போகலாம். “நான் பதிவு அறை ஆளா வரல டாக்டர். தண்ணியக் கொட்டின ஆளா வந்திருக்கேன். சபைச் சமையற்கட்டுல நான் உப்புத் தண்ணியக் கொட்டினேன். அதுல இவங்க விழுந்தாங்க. கோப்புல இருக்கிறது ஒண்ணையும் நான் இவங்ககிட்டச் சொல்லல.”

“அது நிஜம்” என்றாள் பக்கத்துக் கட்டில் அம்மாள். “எல்லாம் நான்தான் போட்டு உடைச்சேன்.”

டாக்டர் யாரையும் நம்பிய மாதிரித் தெரியவில்லை. “எப்படி விழுந்தாங்க? காட்டுங்க.”

யுரி தொக்சுனின் தலையணைகளில் ஒன்றை வாரிக் கோஸ் போல அணைத்தாள். இடது காலைத் தரையில் ஊன்றினாள். “இப்படி வந்தாங்க டாக்டர். இந்தக் கால் வழுக்கிப் போய் வாசப்படி இடுக்குல மாட்டிக்கிச்சு.”

“அவளுக்கு எப்படித் தெரியும், அவ துடைப்பத்தப் பாத்துக்கிட்டு இருந்தா” என்று தொக்சுன் குறுக்கிட்டார். “கால் மாட்டிக்கிச்சு. கோஸ் சிதறக் கூடாதேன்னு நான் உடம்ப மட்டும் அந்தப் பக்கம் திருப்பினேன். உள்ள துணி கிழியிற மாதிரி ‘டக்’குனு ஒரு சத்தம். கோஸ் சிதறல டாக்டர்.”

டாக்டர் கொஞ்ச நேரம் அந்த முழங்காலையே பார்த்தார். “கால் நின்னுது, உடம்பு திரும்பிச்சு.” குரல் மாறியிருந்தது. “சொல்லிக் குடுத்து வர்றவங்க யாரும் கோஸப் பத்திப் பேச மாட்டாங்க. ஏம்மா, இத நான் கேட்டப்பவே சொல்லியிருக்கலாமே?”

“நீங்க கேட்டீங்க. நான்தான் மாத்திச் சொன்னேன். மன்னிச்சிருங்க.”

“எழுதிடுறேன். நீங்க முதல்ல சொன்னதையும் சேத்துத்தான் எழுதுவேன். மிச்சத்தக் காப்பீட்டுக்காரன் பாத்துக்கட்டும்.” போகிற போக்கில் யுரியிடம், “நீங்க கீழ போங்க” என்றார்.

யுரி கீழே வந்து, தாஹேயின் மேசை அருகில் நின்றாள். “க்வாக் தொக்சுன் கோப்ப நீ பாரு. நான் பாக்கக் கூடாது. நான் இதுல சாட்சி.”

“முட்டை பொரிஞ்சிடுச்சா?” என்று தொடங்கிய தாஹே, அவள் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டாள். புதிதாக வந்த குறிப்பைத் திறந்து வாசித்தாள். ஸ்கேனை வாசித்தாள். மறுபடி குறிப்புக்குப் போனாள். “எஸ்தானே அக்கா?”

“என்னக் கேக்காத.”

“சரி, கேக்கல.” தாஹே இன்னொரு முறை முழுதாக வாசித்தாள். பிறகு விசைப்பலகை தட்டும் சத்தம் கேட்டது.

யுரிக்கு அப்போதும் நெஞ்சு அடங்கவில்லை. காப்பீட்டுக்காரன் நம்புவானோ மாட்டானோ. மேலதிகாரி கூப்பிடுவாரோ. அவள் வெளிவாசலுக்குப் போய்க் கடல் காற்றில் நின்று, போதகரின் மனைவிக்குப் போன் செய்தாள்.

“அம்மா, நம்ம சமையற்கட்டுக்கு ஒருத்தர் விசாரிக்க வருவார். வந்தா ஒண்ணும் மறைக்க வேண்டாம். கிம்ச்சி அன்னைக்குத் தண்ணியக் கொட்டினது யாருன்னு கேட்டா, யுரின்னு சொல்லிடுங்க.”