சிலை திறந்த நாளின் படம்

முன்வரிசையில் இடம் பிடிப்பதற்காக எர்சீலியா மத்தியானமே நாடக அரங்குக்கு வந்து உட்கார்ந்துவிட்டாள். அந்த ஊரில் பிறந்த இசைமேதையை எல்லோரும் மாயெஸ்த்ரோ என்றுதான் சொல்வார்கள். அவருடைய நினைவு நாளில் வருஷந்தோறும் சதுக்கத்துச் சிலைக்கு மாலை போடுவார்கள், அவருடைய இசை நாடகங்களிலிருந்து பாடுவார்கள், ஊரே உருகிப் போகும். இந்த வருஷம் படமும் உண்டு. போருக்கு முன்னால் அந்தச் சிலையைத் திறந்தபோது மிலானிலிருந்து வந்தவர்கள் எடுத்த சினிமா. அன்று சிலையடியில் பாடிய குழுவில் அவள் புருஷன் ஒரெஸ்தேயும் இருந்தான். போருக்குப் போனவன் திரும்பி வரவில்லை.

மாயெஸ்த்ரோ இருக்கட்டும் ஒரு பக்கம். பாடும்போது ஒரெஸ்தே மாவு மூட்டை சுமப்பவன் மாதிரி இடது தோளைத் தூக்கிக்கொள்வான். அதை ஒருமுறை பார்த்துவிட வேண்டும் அவளுக்கு. வீட்டில் இருப்பது ஒரே ஒரு கல்யாணப் போட்டோ. அதிலும் மனுஷன் சமயம் பார்த்துத் தும்மித் தொலைத்ததில் முகமே கலங்கிவிட்டது.

விளக்கு அணைந்தது. திரையில் சதுக்கம், கொடிகள், துணி போர்த்திய சிலை. துணி விழுந்தது. அடுத்து பாடகர் குழு வந்ததும் அரங்கில் சிரிப்பு வெடித்தது. அத்தனை பேரும் வாயை இறுக மூடிக்கொண்டு விறைத்து நின்றார்கள். ஊரார் சினிமா பார்த்திருந்தார்களே தவிர, அதை எடுக்கும் பெட்டியைக் கண்டதில்லை. போட்டோ என்று நினைத்துப் பாட்டையே நிறுத்திவிட்டிருந்தார்கள். கொடி மட்டும் படபடத்தது.

"அண்ணி, எங்கண்ணனப் பாருங்களேன்! தூண் தோத்துது போங்க!" என்று ஒரெஸ்தேயின் தங்கை நீவெஸ் அவள் தோளில் இடித்தாள்.

எர்சீலியாவுக்குச் சிரிப்பு வரவில்லை. அன்று பெட்டியைக் கண்டதும் கூட்டத்திலிருந்து முதலில் கத்தியது அவள்தான். "யோவ், போட்டோ எடுக்குறாங்க! இந்தத் தடவையாச்சும் ஒழுங்கா நில்லு. நான் சொல்ற வரைக்கும் அசையாத!"

திரையில் ஒரெஸ்தேயின் முகம் இப்போது துளிக்கூடக் கலங்காமல் தெரிந்தது.

"பாடேன்யா," என்று முணுமுணுத்தாள். "கொஞ்சம் தோளத் தூக்கேன்."

அவன் தூக்கவில்லை. படம் முடியப்போகும் நேரத்தில் கண்களை மட்டும் மெல்லத் திருப்பி, கூட்டத்தில் அன்று அவள் நின்றிருந்த பக்கம் பார்த்தான். போதுமா என்று கேட்பது போலப் புருவத்தை உயர்த்தினான்.

எர்சீலியா எழுந்து நின்றாள்.

"போதும்யா," என்றாள், அரங்கு முழுக்கக் கேட்கும்படி. "அசையலாம்."

திரை அதற்குள் வெறும் வெள்ளையாகிவிட்டிருந்தது.